மைதானத்தில் 15, நீதிமன்றத்தில் 22: பி.டி. மாஸ்டர் பதில்கள்

போன இதழில் அமெரிக்க ஃபுட்பாலைப் பற்றிப் போகிற போக்கில் நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு இத்தனை கடிதம் வரும் என்று ஆசிரியரும் எதிர்பார்க்கவில்லை, நானும் எதிர்பார்க்கவில்லை. கடலூர், புதுச்சேரி பக்கம் தெருவுக்கு நாலு பிள்ளைகள் அங்கே இருக்கிறார்களே, அதுதான் காரணம். மஞ்சக்குப்பம் மைதானத்தில் என்னோடு காலையில் நடக்கிற ரிட்டயர்டு ஆசாமிகள்கூட 'டச்டவுன்' என்று பேச ஆரம்பித்துவிட்டார்கள். ஆகவே கிரிக்கெட் கேள்விகளை எல்லாம் அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டேன். கோபிக்க வேண்டாம்.

வங்கியில் ஓய்வு பெற்ற வாசகர், லாஸ்பேட்டை, புதுச்சேரி: மாஸ்டர், என் மகள் குடும்பம் மினியாபொலிஸ் நகரில் இருக்கிறது. பேரன் படிக்கும் பள்ளிக்கு 'ஜஸ்டிஸ் பேஜ்' என்று பெயர். யார் அது என்றால் பேரன் 'ஃபுட்பால் பிளேயர் தாத்தா' என்கிறான். மகள் 'சுப்ரீம் கோர்ட் ஜட்ஜ் அப்பா' என்கிறாள். யார் சொல்வது சரி?

இரண்டு பேரும் சரி. ஒரே ஆள்தான். பெயர் ஆலன் பேஜ். மினசோட்டா வைக்கிங்ஸ், அப்புறம் சிகாகோ பேர்ஸ் என்று இரண்டு அணிகளுக்கு 15 சீசன் ஆடினார். பிறகு மினசோட்டா மாநில உச்ச நீதிமன்றத்தில் 22 வருஷத்துக்கு மேல் நீதிபதியாக இருந்தார். அங்கே மாநிலத்துக்கு மாநிலம் ஓர் உச்ச நீதிமன்றம் உண்டு. உங்கள் பேரனின் பள்ளிக்கு முன்பு ராம்சி என்ற பழைய கவர்னரின் பெயர் இருந்தது. டகோட்டா பழங்குடிகளை ஒன்று அழிக்க வேண்டும், இல்லாவிட்டால் எல்லைக்கு அப்பால் துரத்த வேண்டும் என்று 1862-இல் பேசியவர் அவர். அந்தப் பெயர் வேண்டாம் என்று மாணவர்களே கிளம்பினார்கள். 2017-இல் பேஜ் பெயர் வந்தது. பேரனிடம் இதையும் கேட்டுப் பாருங்கள், தெரிந்திருக்கும்.

பேஜ் பிறந்தது 1945-இல், ஒஹாயோ மாநிலத்தில் கேன்டன் என்ற இரும்பாலை ஊரில். கறுப்பினக் குடும்பம். 13 வயதில் தாய் போய்விட்டார். அந்த ஊரில் பையன்கள் பள்ளியை முடித்தால் ஆலைக்குள் போவது வழக்கம். இவருக்கு அதில் இஷ்டம் இல்லை. நாலாம் வகுப்பிலிருந்தே வக்கீல் ஆசை. பள்ளி நாட்களில் கட்டட வேலைக்குப் போயிருக்கிறார். கட்டியது என்ன கட்டடம் தெரியுமா? தொழில்முறை ஃபுட்பாலின் புகழ்மண்டபம், 'ஹால் ஆஃப் ஃபேம்'. அது 1963-இல் திறக்கப்பட்டது. 25 வருஷம் கழித்து அதே கட்டடத்துக்குள் இவருடைய மார்பளவுச் சிலையைக் கொண்டுபோய் வைத்தார்கள். நம்ம ஊர் டைரக்டர் யாராவது இப்படி ஒரு காட்சி வைத்திருந்தால் 'ஓவர்' என்று சொல்லியிருப்போம்.

நோட்டர் டேம் பல்கலைக்கழகத்தில் ஆடி, 1967-இல் வைக்கிங்ஸ் அணிக்கு முதல் சுற்றிலேயே தேர்வானார். ஆடிய இடம் டிஃபென்சிவ் டாக்கிள். எதிரணியில் பந்தை எறிகிற ஆள் குவார்ட்டர்பேக். அவருக்கு முன்னால் ஐந்து தடியர்கள் சுவராக நிற்பார்கள். அந்தச் சுவரில் சந்து பார்த்து நுழைந்து, பந்து கையைவிட்டுப் போவதற்குள் ஆளைச் சாய்க்க வேண்டும். பிடிபட்ட ரைடர் நடுக்கோட்டைத் தொடக் கடைசியாக ஒரு பாய்ச்சல் பாய்வான், கபடியில் பார்த்திருப்பீர்கள். பேஜ் ஒவ்வொரு முறையும் அப்படித்தான் கிளம்புவார். எடை 110 கிலோ சுமார். அந்த இடத்துக்கு அது அப்படியொன்றும் பெரிய உடம்பு கிடையாது. பந்து அசைந்த மாத்திரத்தில் எழுந்துவிடுவதுதான் அவர் பலம். 1971-இல், என்.எஃப்.எல். என்கிற அந்தத் தொழில்முறை லீக்கின் மிகச் சிறந்த வீரர் என்ற விருது அவருக்குப் போனது. அதுவரை அந்த விருது பந்தை எறிகிறவர்களுக்கும் எடுத்து ஓடுகிறவர்களுக்குமே போய்க்கொண்டிருந்தது. தடுப்பாட்டக்காரர் ஒருவர் வாங்கியது அதுதான் முதல் தடவை. 15 சீசனில் 218 லீக் ஆட்டங்கள். ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை.

வைக்கிங்ஸை விட்டு வெளியே வந்த கதைதான் எனக்குப் பிடித்தது. அவர் மனைவி டயான் சிகரெட்டை விடுவதற்காக ஓட ஆரம்பித்தார். கூடவே இவரும் ஓடினார். மனைவிக்குத் துணையாகப் போனவருக்கு ஓட்டப் பைத்தியம் பிடித்துவிட்டது. மைல் கணக்கில் ஓடினால் உடம்பில் சதை எங்கே தங்கும்? எடை 100 கிலோவுக்கு வந்தது. பயிற்சியாளர் பட் கிராண்டுக்கு இது பிடிக்கவில்லை. 1978 சீசன் நடுவிலேயே கழற்றிவிட்டார்கள். சிகாகோ அணி வெறும் 100 டாலர் கட்டி எடுத்துக்கொண்டது. அங்கே இன்னும் மூன்று வருஷத்துக்கு மேல் ஆடினார். 1979-இல் முழு மாரத்தான் ஒன்றையும் ஓடி முடித்தார். ஆடிக்கொண்டிருக்கும்போதே மாரத்தான் ஓடிய முதல் என்.எஃப்.எல். வீரர் அவர்தான்.

திருப்பாதிரிப்புலியூர் வாசகர்: அப்பேர்ப்பட்ட வீரர் எத்தனை சூப்பர் பவுல் ஜெயித்தார்?

ஒன்றும் இல்லை. நாலு தடவை இறுதி ஆட்டத்துக்குப் போனார்கள்: 1970, 1974, 1975, 1977. நாலிலும் தோல்வி.

நெய்வேலி மாணவி: அவர் போட்டோவில் சுண்டு விரல் மட்டும் ஒரு தினுசாக இருக்கிறதே சார், பிறவியிலேயே அப்படியா?

பிறவி இல்லை, ஆட்டம் கொடுத்த பரிசு. திரும்பத் திரும்ப மூட்டு விலகி, அப்படியே நின்றுவிட்டது. கையை விரித்தால் மற்ற விரல்கள் நேரே நிற்கும். சுண்டு விரல் நடுக் கணுவில் திரும்பி, எல்-வடிவத்தில் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். அவர் கையைப் பார்க்கிற குழந்தைகள் முதலில் கேட்பதே அதைத்தானாம். மகளோடு சேர்ந்து அந்த விரலையே கதாநாயகனாக வைத்துக் குழந்தைகளுக்கு ஒரு படக்கதைப் புத்தகம் எழுதிவிட்டார், 2013-இல்.

நீ வாலிபால் ஆடுகிற பெண் என்று எழுதியிருக்கிறாய். விரல் மடங்கினால் அங்கேயே பிடித்து இழுத்து நெட்டி முறிக்கிற சிநேகிதிகளிடம் கையைக் கொடுக்காதே. நேராகப் புத்தூர் கட்டுக்கும் ஓடாதே. முதலில் ஓர் எக்ஸ்ரே எடு. எலும்பா, ஜவ்வா என்று தெரிந்த பிறகு மற்றது.

கல்லூரி மாணவர், கடலூர் முதுநகர்: ஆடிக்கொண்டே சட்டம் படித்தார் என்கிறார்கள். நான் பல்கலைக்கழக அளவில் கபடி ஆடுகிறேன். டோர்னமென்ட் சீசனில் ஒரு புத்தகத்தைத் திறக்க முடியவில்லை. அவருக்கு மட்டும் எப்படி முடிந்தது?

முதல் தடவை முடியவில்லை, தம்பி. வைக்கிங்ஸில் ஆட வந்த புதிதில் ஒரு சட்டக் கல்லூரியில் சேர்ந்தார். சில வாரத்திலேயே ஓடி வந்துவிட்டார். 1975-இல் மறுபடி மினசோட்டா பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அப்போது அவருக்கு 30 வயது. மனைவி, பிள்ளைகள் எல்லாம் உண்டு. 1978-இல் பட்டம் வாங்கினார். அவர் சிகாகோ அணிக்கு மாறியதும் அதே வருஷம்தான். வக்கீலாகப் பதிவு செய்தது 1979. சிகாகோவுக்கு ஆடிக்கொண்டே, சீசன் இல்லாத மாதங்களில் மினியாபொலிஸ் வந்து ஒரு வக்கீல் அலுவலகத்தில் வேலை பார்த்தார். 1981 டிசம்பரில் கடைசி ஆட்டம் ஆடியபோது அடுத்த வேலை தேடுகிற அவசியமே அவருக்கு இல்லை.

முடிந்ததற்கு இரண்டு காரணம் சொல்லலாம். ஒன்று, அந்த விளையாட்டின் அந்தக் கால நாட்காட்டி. ஜூலை கடைசியில் முகாம், செப்டம்பர் முதல் டிசம்பர் வரை வாரத்துக்கு ஒரே ஓர் ஆட்டம், பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமை. அப்புறம் பாதி வருஷம் கையில் இருக்கும். அந்தப் பாதி வருஷத்தில் பலர் மீன் பிடிப்பார்கள், கோல்ஃப் ஆடுவார்கள். இரண்டாவது, அணியின் மைதானமும் சட்டக் கல்லூரியும் ஒரே ஊர்ப் பக்கம். உனக்கு அப்படி வாய்க்கவில்லை, அது உண்மைதான். நம் கபடிக்காரனுக்குப் பொங்கல் முதல் ஆடி மாதத் திருவிழா வரை எங்கேயாவது ஒரு ஊரில் மேட்ச் இருந்துகொண்டே இருக்கும்.

ஆனால் பேஜ் பிற்பாடு சொன்ன ஒரு சம்பவம் உனக்குத் தெரிய வேண்டும். வைக்கிங்ஸ் முகாமில் ஒரு கூட்டம். தடுப்பு வரிசைக்காரர்கள் மட்டும் ஓர் அறையில் உட்கார்ந்திருக்கிறார்கள். பயிற்சியாளர் 'பிளேபுக்' என்கிற ஆட்டத் திட்டப் புத்தகத்தை ஆளுக்குக் கொஞ்சமாக உரக்கப் படிக்கச் சொல்கிறார். சிலர் கடகடவென்று படிக்கிறார்கள். சிலர் தட்டுத்தடுமாறுகிறார்கள். ஒன்றிரண்டு பேருக்கு எழுத்துக் கூட்டவே வரவில்லை. இத்தனைக்கும் அந்த அறையில் இருந்தவர்கள் கல்லூரியில் நாலு வருஷம் இருந்துவிட்டு வந்தவர்கள். பந்து நன்றாக ஆடுகிறான் என்று பள்ளிக்கூடமும் கண்ணை மூடிக்கொண்டது, கல்லூரியும் கண்ணை மூடிக்கொண்டது. பேஜை உலுக்கிய காட்சி அது. 1988-இல் புகழ்மண்டபத்தில் சேர்த்தபோது, தன்னை மேடையில் அறிமுகப்படுத்த அவர் ஒரு பயிற்சியாளரைக் கூப்பிடவில்லை. மினியாபொலிஸ் பள்ளிக்கூடம் ஒன்றின் தலைமை ஆசிரியையைக் கூப்பிட்டார். ஃபுட்பால் பெருந்தலைகள் எல்லாம் உட்கார்ந்திருந்த சபையில் படிப்பைப் பற்றித்தான் பேசினார்.

வேலையில் இருந்த காலத்தில் நானும் ஓ.டி. ('ஆன் டியூட்டி') ஃபாரத்தில் எத்தனையோ கையெழுத்து வாங்கிக் கொடுத்தவன்தான். ஓ.டி.யால் வருகைப் பதிவு வரும், பாடம் வராது. என் பி.டி. பீரியடைக் கணக்கு வாத்தியார் கடன் வாங்கிக்கொண்டு திருப்பித் தராத கோபம் எனக்கு இன்னும் இருக்கிறது. இருந்தாலும் சொல்கிறேன்: டோர்னமென்ட் முடிந்து திரும்புகிற பஸ்ஸில் தூங்கு, மறுநாள் காலை வகுப்பில் உட்கார். அரியர் வைத்துவிட்டு 'ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் பார்த்துக்கொள்ளலாம்' என்று நினைக்காதே. அந்த வேலைக்கும் மார்க் ஷீட் கேட்பார்கள்.

வழக்கறிஞர், கடலூர்: விளையாட்டு வீரரை நேராக உச்ச நீதிமன்ற நீதிபதியாக்கும் வழக்கம் எந்த ஊரில் இருக்கிறது? யார் நியமித்தது?

வக்கீல் சார், நேராக இல்லை. தனியார் அலுவலகத்துக்குப் பிறகு 1980-களின் நடுவிலிருந்து மாநில அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தில் வேலை பார்த்தார். அப்புறம்தான் நீதிபதி பதவி. யாரும் நியமிக்கவும் இல்லை. மினசோட்டாவில் நீதிபதிகள் தேர்தலில் நின்று ஜெயிக்க வேண்டும், ஆறு வருஷத்துக்கு ஒரு முறை. உங்கள் பார் அசோசியேஷன் தேர்தலுக்கே ஊர் அல்லோலகல்லோலப்படுகிறது, நீதிபதிக்கும் தேர்தல் என்றால் எப்படி இருக்கும் என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. அங்கே அது கட்சி சார்பில்லாத தேர்தல். பெரும்பாலும் சத்தம் இல்லாமல் நடக்கும்.

1992-இல் ஒரு சிக்கல் வந்தது. பேஜ் நிற்க விரும்பிய இடத்தில் இருந்த நீதிபதிக்கு, தேர்தல் இல்லாமலேயே பதவிக் காலத்தைக் கவர்னர் நீட்டித்துவிட்டார். பேஜ் வழக்குப் போட்டார். தங்கள் சக நீதிபதி சம்பந்தப்பட்ட வழக்கு என்பதால் உச்ச நீதிமன்றத்தார் ஒதுங்கிக்கொள்ள, வேறு நீதிபதிகளைக் கொண்டு விசாரணை நடந்தது. நீட்டிப்புச் செல்லாது, தேர்தல் நடத்து என்று தீர்ப்பு. எந்த நீதிமன்றத்துக்குள் போக ஆசைப்பட்டாரோ, அதன் வாசலைச் சட்டத்தைக் காட்டியே திறந்தார். தேர்தலில் ஜெயித்து 1993 ஜனவரியில் உட்கார்ந்தார். அந்த மாநில உச்ச நீதிமன்றத்தில் முதல் கறுப்பின நீதிபதி. அப்புறம் மூன்று தேர்தலிலும் மக்கள் அவரையே அனுப்பினார்கள்.

சிதம்பரம் வாசகி: இப்போது இருக்கிறாரா? என்ன செய்கிறார்?

இருக்கிறார். 70 வயதானால் நீதிபதி இறங்கிவிட வேண்டும் என்பது அந்த மாநிலச் சட்டம். 2015 ஆகஸ்டில் இறங்கினார். 1988-இல் அவரும் மனைவியும் தொடங்கிய கல்வி அறக்கட்டளை இன்னும் நடக்கிறது. அதில் உதவித்தொகை வாங்குகிற கல்லூரி மாணவர் சும்மா வாங்கிவிட முடியாது, வருஷத்துக்கு 50 மணி நேரம் சின்னப் பிள்ளைகளுக்குப் படிக்க உதவ வேண்டும். எனக்கு இந்த நிபந்தனை ரொம்பப் பிடித்திருக்கிறது. நம் ஊர் அறக்கட்டளைக்காரர்கள் யாராவது படித்தால் யோசிக்கலாம். 2020-இல் மினியாபொலிஸ் மத்திய வங்கிக் கிளையின் தலைவர் நீல் காஷ்காரியோடு (பெயரைப் பார்த்தாலே தெரியும், பூர்வீகம் நம் காஷ்மீர்) சேர்ந்து, தரமான அரசுப் பள்ளிக் கல்வி ஒவ்வொரு குழந்தையின் உரிமை என்று மாநில அரசியல் சாசனத்தில் எழுத வேண்டும் என்று கிளம்பினார். இன்னும் எழுதப்படவில்லை. 2018-இல் மனைவி காலமானார். அதே வருஷம் நாட்டின் மிக உயர்ந்த குடிமக்கள் விருதான சுதந்திரப் பதக்கம் கிடைத்தது. ஊர் மாரத்தான் நடக்கும்போது தெருவோரம் நின்று ஓடுகிறவர்களுக்காகப் பெரிய ட்யூபாவை ஊதுவதும் அவர் வழக்கம்.

குருசுக்குப்பம், புதுச்சேரி வாசகர்: எங்கள் தெருவில் சொல்தா (பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர்கள்) தாத்தாக்களுக்குப் பிரெஞ்சு அரசாங்கம் மாதா மாதம் பென்ஷன் போடுகிறது. அந்த ஆட்டக்காரர்களுக்கும் பென்ஷன் உண்டா? கோடி கோடியாக வாங்குகிறவர்களுக்கு அது எதற்கு?

உண்டு. ஆனால் சொல்தா பென்ஷன் மாதிரி நிம்மதியான சமாசாரம் என்று நினைத்துவிடாதீர்கள். இப்போதைய விதிப்படி மூன்று சீசனாவது கணக்கில் ஏற வேண்டும். ஒரு சீசன் கணக்கில் ஏற, குறைந்தது மூன்று ஆட்டங்களுக்கு அணிப் பட்டியலில் பெயர் இருக்க வேண்டும். பழைய காலத்து வீரர்களுக்கு இதைவிடக் கடுமையான விதி. முழுப் பென்ஷன் 55 வயதில்தான். நடுவில் முப்பது வருஷம் இருக்கிறதே, அதற்கு ஆடும்போது சேர்த்ததைத்தான் நம்ப வேண்டும். தகுதி உள்ளவர்களுக்கு மருத்துவக் காப்பீடு ஆட்டத்தை விட்டபின் ஐந்து வருஷம் ஓடும். ஆனால் முட்டியும் முதுகும் ஐந்து வருஷம் கழித்துத்தானே வேலையைக் காட்டும்!

கோடி வாங்குகிறவர்கள் உண்டு, பொய் இல்லை. டிவியில் முகம் தெரிகிற குவார்ட்டர்பேக்குகள் அவர்கள். 32 அணி, அணிக்கு 53 பேர். அதில் பாதிப் பேர் முகத்தை அவர்கள் ஊர்க்காரர்களே அடையாளம் சொல்ல மாட்டார்கள். ஒரு வீரரின் ஆட்டக் காலம் சராசரி மூன்று வருஷத்துக்குக் கொஞ்சம் மேல் என்று வீரர்கள் சங்கம் சொல்லும். அணியில் ஒழுங்காக இடம் பிடித்தவர்களை மட்டும் எடுத்தால் அது அதிகம் என்று லீக் சொல்லும். எப்படிப் பார்த்தாலும் பென்ஷன் கோட்டைத் தொடுவதற்குள் நிறையப் பேர் வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். இன்னொன்று, 'நாலு வருஷத்துக்கு இத்தனை மில்லியன்' என்று பேப்பரில் வருகிற ஒப்பந்தத் தொகை முழுக்க உறுதியானது கிடையாது. நடுவில் கழற்றிவிட்டால், உத்தரவாதம் தந்த பகுதி போக மீதி காற்றோடு போச்சு.

1996 முதல் 2003 வரை தேர்வான வீரர்களை வைத்துப் பொருளாதார ஆய்வாளர்கள் சிலர் ஒரு கணக்குப் போட்டு 2015-இல் வெளியிட்டார்கள். ஆட்டத்தை விட்டு 12 வருஷத்துக்குள் ஏறக்குறைய 16 சதவீதம் பேர் திவால் மனு கொடுத்திருந்தார்கள். நிறையச் சம்பாதித்தவர் தப்பித்தார், குறைவாகச் சம்பாதித்தவர் மாட்டினார் என்றும் இல்லை. இரண்டு தரப்பிலும் விழுக்காடு பெரிதாக மாறவில்லை. 22 வயதில் வருகிற பணம், 26 வயதில் நின்றுபோகும். அதற்குள் அண்ணனுக்குக் கடை, மாமாவுக்குக் கார், நண்பனுடைய ஓட்டலில் பங்கு. உங்கள் தெருவில் சொல்தா பென்ஷன் வருகிற நாளில் யார் யார் தாத்தா வீட்டுத் திண்ணையில் வந்து உட்காருகிறார்கள் என்று நீங்கள் பார்த்திருப்பீர்கள், நான் விளக்க வேண்டாம்.

சொந்த ஊர் பண்ருட்டி, இப்போது டாலஸ்: சார், நான் உங்களிடம் படித்தவள். என் 11 வயதுப் பையன் பள்ளி டீமில், ஆளை மோதிச் சாய்க்கிற டாக்கிள் ஃபுட்பாலில் சேர வேண்டும் என்று அழுகிறான். அவன் அப்பா சரி என்கிறார். தலையில் அடிபட்டால் என்ன ஆகும் என்று எனக்குத் தூக்கம் வரவில்லை. என்ன செய்ய?

என்னிடம் படித்த பிள்ளை என்பதால் உரிமையோடு ஒருமையில் எழுதுகிறேன். உன் பயம் வீண் பயம் இல்லையம்மா.

மைக் வெப்ஸ்டர் என்று ஒருவர். பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியின் சென்டர். பந்தைப் பின்னால் கொடுத்துவிட்டு மறு நொடி தலையால் மோத வேண்டிய இடம். 1974 முதல் 1990 வரை 17 சீசன் மோதினார். நாலு சூப்பர் பவுல் மோதிரம். ஆட்டம் விட்ட பிறகு மறதி, தலைவலி, தூக்கமின்மை. குடும்பம் பிரிந்தது, பல இரவு தன் டிரக் வண்டியிலேயே படுத்தார். 2002-இல் 50 வயதில் இறந்தார். பிரேதப் பரிசோதனை செய்தவர் பென்னட் ஒமாலு, நைஜீரியாவிலிருந்து வந்த மருத்துவர். மூளை வெளிப்பார்வைக்குச் சாதாரணமாக இருந்தது. அவர் விடாமல் மெல்லிய சீவல்களாக எடுத்துச் சாயம் ஏற்றிப் பார்த்தார். டௌ என்ற புரதம் படிந்து கிடந்தது. தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் வரும் இந்த மூளை நோயைத்தான் இன்று சி.டி.இ. என்கிறார்கள். உயிரோடு இருக்கும்போது உறுதியாகக் கண்டுபிடிக்க இன்னும் வழி இல்லை.

2017-இல் பாஸ்டன் பல்கலைக்கழகத்தார் ஆராய்ந்த 111 முன்னாள் என்.எஃப்.எல். வீரர்களின் மூளையில் 110-இல் அது இருந்தது. இதைப் பார்த்து 'ஆடிய எல்லோருக்கும் வரும்' என்று முடிவு கட்டாதே. ஏதோ கோளாறு தெரிந்த குடும்பங்கள்தான் பெரும்பாலும் மூளையைத் தானம் செய்தன, அதனால் அந்த எண் அப்படிக் குவிந்திருக்கிறது. ஆனாலும் அந்த ஆய்வு வெளியான இரண்டாம் நாள் பால்டிமோர் அணியின் ஜான் அர்ஷல் 26 வயதில் ஆட்டத்தை விட்டார். ஆடும்போதே அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் கணிதத்தில் டாக்டர் பட்டத்துக்குப் படித்துக்கொண்டிருந்த ஆள். இப்போது அங்கேயே கணிதப் பேராசிரியர்.

பெரிய மோதல் ஒன்று மட்டும் ஆபத்து என்று இல்லை. மயக்கம் வராத சின்னச் சின்ன இடிகள் வருஷக் கணக்கில் சேருவதுதான் சிக்கல் என்கிறார்கள். ஆகவே எத்தனை வயதில் ஆரம்பிக்கிறான் என்பது கேள்வியாகிறது. என் யோசனை இது: இப்போதைக்கு ஃப்ளாக் ஃபுட்பாலில் சேர். இடுப்பு வாரில் இரண்டு பக்கமும் துணிப்பட்டை தொங்கும்; அதை உருவிவிட்டால் ஆள் பிடிபட்டதாகக் கணக்கு. யாரும் யாரையும் சாய்க்கக் கூடாது. எறிவது, பிடிப்பது, ஓடி ஏமாற்றுவது எல்லாம் அதே ஆட்டம்தான். 2028 லாஸ் ஏஞ்சலஸ் ஒலிம்பிக்கிலும் சேர்த்திருக்கிறார்கள், ஆகவே பையனிடம் 'இது பொம்மை ஆட்டம்' என்ற பேச்சு எடுபடாது. மேல்நிலைப் பள்ளிக்குப் போகும்போது டாக்கிள் பற்றி மறுபடி பேசிக்கொள்ளலாம். அதற்குள் அவனுக்கே கூடைப்பந்து பிடித்துவிடலாம், பையன்கள் மனசு அப்படி.

எதில் சேர்த்தாலும் பயிற்சியாளரிடம் ஒன்று கேள்: தலையில் அடி என்று சந்தேகம் வந்தால் உடனே வெளியே உட்கார வைப்பாரா, டாக்டர் சொல்லாமல் திரும்ப இறக்க மாட்டாரா? அங்கே எல்லா மாநிலத்திலும் இதற்குச் சட்டம் இருக்கிறது. கேட்டால் கோபப்படுகிற பயிற்சியாளர் என்றால் வேறு டீம் பார். வீட்டுக்காரரிடம் நான் சொன்னதாகவே சொல். நீ டென்னிகாய்ட் ஆடிய காலத்தில் மாவட்டப் போட்டிக்கு அனுப்பச் சொல்லி உன் அப்பாவிடம் நான் பேசியது நினைவிருக்கும். அதே குரலில்தான் இதையும் சொல்கிறேன்.

தேவனாம்பட்டினம் வாசகர்: மாஸ்டர், எனக்கு 29 வயது. மாவட்ட அணிக்கு, மாநில அணிக்கு கபடி ஆடியிருக்கேன். முட்டி போயிடுச்சு. டிகிரி இருக்கு, வேலை இல்லை. பென்ஷன் ஏதாவது கிடைக்குமா? அமெரிக்காக்காரன் கதை எல்லாம் எனக்கு எதுக்கு?

கோபம் நியாயம்தான். நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

பென்ஷன்: நலிந்த நிலையில் உள்ள முன்னாள் வீரர்களுக்குத் தமிழ்நாடு அரசு தருகிற மாத உதவி 58 வயது நிறைந்தவர்களுக்கு. உங்களுக்கு 29. அதை மறந்துவிடுங்கள்.

முட்டி: 'போயிடுச்சு' என்று யார் சொன்னார்? மைதானத்துப் பக்கத்தில் எண்ணெய் போட்டு நீவுகிறவரா, ஆர்த்தோ டாக்டரா? எம்.ஆர்.ஐ. எடுக்காமல் முட்டியைப் பற்றி யாரும் தீர்ப்புச் சொல்ல முடியாது. ஜவ்வுக் கிழிசல் என்றால் அறுவைக்குப் பிறகு ஒழுங்காகப் பயிற்சி செய்து மறுபடி ஆடியவர்கள் இருக்கிறார்கள். முதலமைச்சர் காப்பீட்டு அட்டை இருந்தால் எடுத்துக்கொண்டு அரசு மருத்துவமனைக்குப் போய்க் கேளுங்கள்.

வேலை: டிகிரி இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள், அது பெரிய விஷயம். உடற்கல்விப் பட்டமான பி.பி.எட். படித்தால் பள்ளிக்கூடங்களில் உடற்கல்வி ஆசிரியர் வேலைக்கு விண்ணப்பிக்கலாம். அதற்கு நீங்கள் சென்னை வரை போக வேண்டாம், சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலேயே உடற்கல்வித் துறை இருக்கிறது. படித்து முடிக்கிறவரை கை காய்ந்திருக்கும். அதற்குக் கபடி நடுவர் தேர்வு எழுதுங்கள். இந்தப் பக்கம் கிராமத்துக்குக் கிராமம் டோர்னமென்ட் நடக்கிறது, விசில் ஊதத் தெரிந்த ஆளுக்குத்தான் பஞ்சம். பயிற்சியாளராக விருப்பம் என்றால் பாட்டியாலாவில் உள்ள தேசிய விளையாட்டு நிறுவனமான என்.ஐ.எஸ்.ஸில் ஆறு வாரச் சான்றிதழ்ப் படிப்பும் உண்டு, டிப்ளமோவும் உண்டு. அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது. உங்கள் சான்றிதழ்கள் எந்தப் பிரிவில் வரும், வயது வரம்பு என்ன என்பதை நான் இங்கே உட்கார்ந்து சொல்வதைவிட மாவட்ட விளையாட்டு அலுவலகத்தில் நேரில் கேட்பது நல்லது. கடலூர் அண்ணா விளையாட்டு அரங்கத்துக்குள்ளேயே இருக்கிறது. திங்கட்கிழமை குறைதீர் கூட்ட நாள், கலெக்டர் ஆபீஸ் பக்கம் கூட்டம் நெரியும். செவ்வாய் காலை போங்கள். மாநிலப் போட்டிச் சான்றிதழ், டிகிரி, ஆதார் எல்லாவற்றையும் இரண்டு செட் ஜெராக்ஸ் எடுத்துக்கொள்ளுங்கள். அசலைக் காட்டுங்கள், கொடுத்துவிட்டு வராதீர்கள்.